ஃபெர்னாண்டெஸ் என்றால் என்ன அர்த்தம்?

2019ல் அர்ஜென்டினாவில் ஜனாதிபதித் தேர்தல் நடந்தது. ஜெயித்தவர் ஆல்பர்ட்டோ ஃபெர்னாண்டெஸ். அவரோடு சேர்ந்து துணை ஜனாதிபதிப் பதவிக்கு நின்று ஜெயித்தவர் கிறிஸ்டினா ஃபெர்னாண்டெஸ் தெ கிர்ச்னர். அண்ணன் தங்கையா, கணவன் மனைவியா என்று கேட்கத் தோன்றும். இரண்டும் இல்லை. கிறிஸ்டினாவின் கணவர் நெஸ்டர் கிர்ச்னர். அவரும் முன்னாள் ஜனாதிபதிதான். ஃபெர்னாண்டெஸ் என்பது கிறிஸ்டினா பிறந்த வீட்டுப் பெயர். ஆல்பர்ட்டோவுக்கும் அவருக்கும் உறவு ஏதும் கிடையாது.

ஸ்பெயினில் ஒருவருக்கு இரண்டு குடும்பப் பெயர் இருக்கும். அங்கே மட்டும் சுமார் 9 லட்சம் பேருக்கு முதல் குடும்பப் பெயர் ஃபெர்னாண்டெஸ். கார்சியா, ரொட்ரிகெஸ், கொன்சாலெஸ் ஆகியவற்றோடு அந்த நாட்டுப் பட்டியலின் உச்சியில் இருக்கிற பெயர். இணையத்தில் இதற்கு அர்த்தம் தேடினால் 'வீரப் பயணியின் மகன்', 'அமைதி காக்கும் வீரன்' என்று ஆளுக்கொன்று சொல்வார்கள். கூடவே குடும்பச் சின்னம் போட்ட குவளை ஒன்றை விற்கவும் பார்ப்பார்கள். அந்த அர்த்தங்கள் முழுப் பொய் இல்லை. ஆனால் குடும்பப் பெயர் எப்படி உண்டாகிறது என்று தெரியாமல் சொல்லப்படுவதால் கேட்பவரைத் தப்பான இடத்துக்குக் கொண்டுபோய் விட்டுவிடும்.

நம்ம இனிஷியலும் அவர்கள் பழைய வழக்கமும்

முருகனின் மகன் செல்வம், மு. செல்வம். செல்வத்தின் மகன் கதிர், செ. கதிர். தாத்தாவின் 'மு' பேரனிடம் இல்லை. ஒவ்வொரு தலைமுறையிலும் எழுத்து மாறிக்கொண்டே போகும். 'இவர் யாருடைய பிள்ளை' என்ற கேள்விக்கு மட்டும் பதில் சொல்லும் இந்த மாதிரிப் பெயரைத் தந்தைவழிப் பெயர் என்பார்கள். குடும்பப் பெயர் என்பது வேறு. அது அப்பாவிடமிருந்து மாறாமல் பிள்ளைக்கு, பிள்ளையிடமிருந்து மாறாமல் பேரனுக்குப் போவது.

இன்றைய ஃபெர்னாண்டெஸ் ஒரு குடும்பப் பெயர். ஆயிரம் வருடம் முன்பு அது நம்ம இனிஷியல் மாதிரிதான் இருந்தது.

இன்றைய ஸ்பெயினின் வடக்கில் இருந்த காஸ்டீல் நாட்டை ஆண்ட பிரபுக்களின் வரிசையைப் பார்த்தால் இது பளிச்சென்று தெரியும். கொன்சாலோ ஃபெர்னாண்டெஸ் என்பவரின் மகன் ஃபெர்னான் கொன்சாலெஸ், 970ல் இறந்தவர். ஃபெர்னான் என்பது ஃபெர்னாண்டோவின் சுருக்கம். அவருடைய மகன் கார்சியா ஃபெர்னாண்டெஸ், 995ல் இறந்தார். அவர் மகன் சான்சோ கார்சியா, 1017 வரை இருந்தார். அவருடைய மகன் கார்சியா சான்செஸ், கல்யாணத்துக்காக லியோன் நகரத்துக்குப் போன இடத்தில் கொல்லப்பட்டார். ஆண் வாரிசு வரிசை அங்கேயே முடிந்தது.

இரண்டாவது சொல்லை மட்டும் படித்துப் பாருங்கள்: ஃபெர்னாண்டெஸ், கொன்சாலெஸ், ஃபெர்னாண்டெஸ், கார்சியா, சான்செஸ். ஒரே குடும்பம், ஐந்து தலைமுறை. அப்பாவுக்கும் மகனுக்கும் ஒரு இடத்தில்கூடப் பெயர் பொருந்தவில்லை. இதைப் பார்த்துவிட்டு 'ஃபெர்னாண்டெஸ் வம்சம்', 'கொன்சாலெஸ் வம்சம்' என்று பிரித்தால் அப்பாவையும் பிள்ளையையும் இரண்டு வம்சமாக்கி விடுவோம்.

சான்சோ கார்சியாவைக் கவனித்தீர்களா? அப்பா பெயர் கார்சியா, அது வால் எதுவும் ஒட்டாமல் அப்படியே நிற்கிறது. இந்த வழக்கத்துக்கு இலக்கணப் புத்தகம் மாதிரிக் கறாரான விதி இருந்ததில்லை.

'எஸ்' என்ற வால்

ஒரு சொல்லின் கடைசியில் சேர்ந்து பொருளை மாற்றும் துண்டுக்குப் பின்னொட்டு என்று பெயர். இங்கே பின்னொட்டு 'எஸ்'. ஸ்பானிஷில் இதை ஈ, இசட் என்ற இரண்டு எழுத்தால் எழுதுவார்கள். ஆள்பெயரோடு இது சேர்ந்தால் 'இன்னாருடைய பிள்ளை'. ரொட்ரிகோவின் பிள்ளை ரொட்ரிகெஸ், மார்ட்டினின் பிள்ளை மார்ட்டினெஸ், லோபேயின் பிள்ளை லோபெஸ். பெட்ரோவின் பழைய வடிவம் பெரோ, அதிலிருந்து பெரெஸ். சில பெயர்களில் உயிரெழுத்து மட்டும் மாறி டியாஸ், ருயிஸ், முன்யோஸ் என்று வரும். அதுவும் இதே வால்தான்.

இந்த வால் எங்கிருந்து வந்தது? லத்தீன் வேற்றுமை உருபு என்று ஒரு கட்சி. ஸ்பெயினின் வடக்கில் பேசப்படும் பாஸ்க் மொழியில் இருந்து வந்தது என்று இன்னொன்று. ஐபீரியாவில், அதாவது ஸ்பெயினும் போர்ச்சுகலும் இருக்கும் தீபகற்பத்தில், ரோமானியர்களுக்கும் முன்பு பேசிய மொழிகளில் வேர் இருக்கிறது என்பவர்களும் உண்டு. அறிஞர்கள் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. யாராவது ஒரே வரியில் அடித்துச் சொன்னால் கொஞ்சம் தள்ளி நின்று கேளுங்கள். வால் என்ன வேலை செய்தது என்பதில் மட்டும் சண்டை இல்லை.

'எஸ்' என்று காதில் விழுவதெல்லாம் இந்த வால் ஆகிவிடாது. மெக்சிகோவைக் கைப்பற்றிய எர்னான் கோர்த்தெஸின் பெயர் 'கோர்த்' என்ற ஆளின் மகன் என்று வந்ததில்லை. அது 'பண்பானவர்' என்ற பொருள் கொண்ட சொல். எழுத்தும் வேறு. கடைசியில் இசட் இல்லை, ஆங்கில எஸ் எழுத்து.

இதுவரை பார்த்தது: ஃபெர்னாண்டெஸ் என்றால் ஃபெர்னாண்டோவின் பிள்ளை. முதலில் அது ஒரு தலைமுறைக்கு மட்டும் பொருந்துகிற அடையாளம்.

அந்த ஃபெர்னாண்டோ யார்?

ஒரு தனி ஆள் இல்லை. அது ஒரு பெயர், அவ்வளவுதான். அந்தப் பெயரைக் கொண்டுவந்தவர்கள் விசிகோத்துகள். ரோமப் பேரரசு சரிந்தபோது ஐபீரியாவுக்குள் வந்து, தொலேதோவைத் தலைநகராக வைத்து ஆண்ட ஜெர்மானிய இனத்தார். 711ல் அரபு, பெர்பர் படைகள் வந்ததும் அவர்கள் அரசு விழுந்தது. அவர்கள் மொழியும் மறைந்துபோனது. பெயர்கள் மட்டும் நிலைத்துவிட்டன. ஆண்டவர்கள் பெயரைப் பிள்ளைக்கு வைப்பது எந்த ஊரிலும் நடப்பதுதானே. விசிகோத்து ரத்தம் ஒரு சொட்டும் இல்லாத உள்ளூர்க் குடும்பங்களும் தாராளமாக ஃபெர்னாண்டோ, ரொட்ரிகோ, ஆல்வாரோ என்று வைத்தார்கள். ஆகவே ஃபெர்னாண்டெஸ் என்ற பெயர் இருப்பதால் ஒருவர் ஜெர்மானிய வழி வந்தவர் என்று சொல்ல முடியாது.

சரி, அர்த்தம்? ஜெர்மானியப் பெயர்கள் பெரும்பாலும் இரண்டு சொற்களை ஒட்டிச் செய்தவை. ஃபெர்னாண்டோவின் பின்பாதி 'நந்த்', துணிவு. முன்பாதியில்தான் தகராறு. 'அமைதி' அல்லது 'காப்பு' என்ற பொருள் தரும் 'ஃப்ரித்' என்று ஒரு விளக்கம். 'பயணம்' என்று மற்றொன்று. பழைய லத்தீன் ஆவணங்களில் ஃப்ரெதெனாந்துஸ் என்று எழுதியிருப்பது 'ஃப்ரித்' பக்கம் கொஞ்சம் சாய்கிறது.

இணையத்தின் 'வீரப் பயணி' இங்கேதான் பிறக்கிறார். ஆனால் இந்த இரண்டு சொற்களையும் சேர்த்து ஒரு வாக்கியமாகப் படிக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. பெற்றோர் அப்பா பெயரில் ஒரு பாதி, தாய்மாமன் பெயரில் ஒரு பாதி என்று எடுத்து ஒட்டுவதும் அந்தச் சமூகங்களில் உண்டு. நல்ல சொல் இரண்டு இருந்தால் போதும். அதோடு, இடைக்காலக் காஸ்டீலில் பிள்ளைக்கு ஃபெர்னாண்டோ என்று வைத்தவருக்கு விசிகோத்துகளின் கோத்திக் மொழி தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை. அவருக்கு அது தாத்தா பெயர், அல்லது ராஜா பெயர். காஸ்டீலையும் லியோனையும் ஆண்ட முதலாம் ஃபெர்னாண்டோ, 1248ல் செவில்லைப் பிடித்துப் பிற்பாடு புனிதராக்கப்பட்ட மூன்றாம் ஃபெர்னாண்டோ, காஸ்டீல் அரசி இசபெல்லைக் கல்யாணம் செய்த அரகோன் ஃபெர்னாண்டோ என்று அரண்மனையிலேயே இந்தப் பெயர் திரும்பத் திரும்ப வந்தது. பெயர் பெருகியதற்கு இதுவே போதும்.

ஃபெர்னாண்டெஸும் ஹெர்னாண்டெஸும் ஒன்றா?

ஒன்றுதான். கால்பந்து பார்ப்பவர்களுக்கு சாவி ஹெர்னாண்டெஸ் ஞாபகம் வருவார். அந்த ஹெர்னாண்டெஸுக்கும் நம்ம ஃபெர்னாண்டெஸுக்கும் வேர் ஒன்றே.

காஸ்டீல் பேச்சில் லத்தீன் சொற்களின் தொடக்கத்தில் இருந்த எஃப் ஒலி மெல்ல மெல்ல மூச்சொலியாக, அதாவது 'ஹ' ஆக, தேய்ந்தது. மாவுக்கு லத்தீனில் ஃபாரினா. ஸ்பானிஷில் ஹாரினா என்று ஆனது. பிறகு அந்த 'ஹ'வும் வாயிலிருந்து போய்விட்டது. எழுத்தில் எச் இருக்கும், சொல்லும்போது அரினா. இரும்பு, மகன், பேசு, எறும்பு என்று அன்றாடச் சொற்கள் பலவற்றுக்கும் இதே கதிதான். ஓசூரைத் தாண்டினால் நம்ம பால் ஹாலு ஆகிறது, பத்து ஹத்து ஆகிறது. அங்கே பகரத்துக்கு நடந்தது இங்கே எஃப்புக்கு நடந்தது. பக்கத்தில் பேசப்பட்ட பாஸ்க் மொழியின் செல்வாக்கு இதற்குக் காரணம் என்று பலர் சொல்கிறார்கள், எல்லோரும் ஏற்றுக்கொள்ளவில்லை.

ஃபெர்னாண்டோ, எழுத்தில் ஹெர்னாண்டோ ஆகி, பேச்சில் எர்னாண்டோ ஆனது. ஃபெர்னாண்டெஸ், ஹெர்னாண்டெஸ் ஆனது. ஆனால் மன்னர் பெயர் என்பதால் எஃப் வைத்த பழைய வடிவத்துக்கும் மவுசு குறையவில்லை. அஸ்தூரியாஸ், கலீசியா போன்ற வடக்குப் பகுதிகளின் பேச்சில் எஃப் ஒலி நிலைத்தும் இருந்தது. இன்றும் அஸ்தூரியாஸில் அதிகம் பேர் வைத்திருக்கிற குடும்பப் பெயர் ஃபெர்னாண்டெஸ். சலமாங்கா, ஆவிலா, கேனரி தீவுகள் பக்கம் போனால் ஹெர்னாண்டெஸ் நிறையக் கிடைக்கும். மேலே சொன்ன கோர்த்தெஸை அவர் காலத்தில் ஃபெர்னாண்டோ என்றும் எர்னாண்டோ என்றும் மாற்றி மாற்றி எழுதியிருக்கிறார்கள். ஒரே ஆளுக்கு இரண்டு எழுத்து. யாரும் தப்பாக நினைக்கவில்லை.

சொல்லும்போது இரண்டு விஷயம். ஹெர்னாண்டெஸில் 'ஹ'வை அழுத்த வேண்டாம். ஸ்பானிஷ்காரர் 'எர்னாந்தெஸ்' என்றுதான் சொல்வார். அழுத்தம் நடுவில், 'னாந்' மேல் விழும். அதைக் காட்டத்தான் நடு 'ஏ' எழுத்தின் மேல் ஒரு சாய்கோடு போடுகிறார்கள்.

பெயர் எப்போது உறைந்தது?

தலைமுறைக்குத் தலைமுறை மாறிக்கொண்டிருந்த பெயர் ஒரு கட்டத்தில் மாறாமல் நின்றது. இதைப் பெயர் உறைதல் என்று வைத்துக்கொள்வோம். விஷயத்தின் மையமே இதுதான்.

கனடாவிலோ அமெரிக்காவிலோ குடியேறிய தமிழர்களுக்கு இது கண் முன்னால் நடக்கிறது. விண்ணப்பத்தில் குடும்பப் பெயர் கேட்கிறார்கள், அப்பா பெயரான முருகனை எழுதிவிடுகிறோம். அடுத்து பிள்ளைக்கும் முருகன், பேரனுக்கும் முருகன். அந்தப் பேரனின் அப்பா பெயர் முருகன் இல்லை. ஆனால் பெயர் உறைந்துவிட்டது. இங்கே ஒரே விண்ணப்பத்தில் முடிகிற காரியம், ஸ்பெயினில் பல நூற்றாண்டு எடுத்துக்கொண்டது. ஏறத்தாழ 13 முதல் 15ஆம் நூற்றாண்டு வரை முதலில் பிரபுக்கள், பிறகு சாதாரண மக்கள் என்று நடந்தது. சொத்துரிமையைக் காட்ட வேண்டும், வரிக் கணக்கு எழுத வேண்டும், ஒரே ஊரில் பத்து பெட்ரோக்களைப் பிரித்துச் சொல்ல வேண்டும். மாறுகிற பெயரை வைத்துக்கொண்டு இதெல்லாம் கஷ்டம்.

உறைந்ததற்கு ஒரு நல்ல சாட்சி, 'பெரும் தளபதி' என்று பெயர் வாங்கிய கொன்சாலோ ஃபெர்னாண்டெஸ் தெ கோர்தோபா. பிறந்தது 1453. இவர் அப்பா பெயர் பெட்ரோ. பழைய முறைப்படி இவர் கொன்சாலோ பெரெஸ் ஆகியிருக்க வேண்டும். ஆகவில்லை. முன்னோர் ஒருவரின் பெயரான ஃபெர்னாண்டோவிலிருந்து வந்த ஃபெர்னாண்டெஸ் அதற்குள் குடும்பத்தில் ஒட்டிக்கொண்டது. ஊர்ப்பெயரான கோர்தோபாவைச் சேர்த்து மற்ற ஃபெர்னாண்டெஸ்களிடமிருந்து தங்களைப் பிரித்துக் காட்டினார்கள்.

ஆனால் அவருடைய சொந்த அண்ணனை வரலாறு அலோன்சோ தெ அகிலார் என்றே குறிப்பிடுகிறது. சொத்தோடு வந்த பெயர் அது. அண்ணனுக்கு ஒன்று, தம்பிக்கு ஒன்று! 1599ல் செவில்லில் பிறந்த ஓவியர் டியேகோ வெலாஸ்கெஸின் அப்பா பெயர் ரொட்ரிகெஸ் தெ சில்வா. வெலாஸ்கெஸ் என்பது அம்மா வழிப் பெயர். ஆகவே உறைதல் என்றால் ஒரே நாளில் கல்லானது என்று நினைக்க வேண்டாம். 16, 17ஆம் நூற்றாண்டுகளிலும் யார் பெயரை எடுப்பது என்பது குடும்பத்தின் வசதிப்படி நடந்தது.

பிறகு ஏடுகள் வந்தன. 1563ல் முடிந்த திரெந்து பொதுச்சங்கத்துக்கு, அதாவது கத்தோலிக்கத் திருச்சபையின் பெரிய கூட்டத்துக்குப் பின், பங்குகளில் (ஒரு கோவிலுக்கு உட்பட்ட பகுதிகளில்) திருமுழுக்கு எனும் ஞானஸ்நானம், திருமணம் ஆகியவற்றின் பதிவேடுகள் ஒழுங்காக எழுதப்பட்டன. 1870ல் ஸ்பெயின் அரசு குடிமைப் பதிவுச் சட்டம் போட்டது. அது 1871 முதல் அமலுக்கு வந்தது. அதற்கு அப்புறம் பெயரை இஷ்டத்துக்கு மாற்ற வழியில்லாமல் போனது.

சுருக்கமாக, இன்று ஒருவர் ஃபெர்னாண்டெஸ் என்றால் அவர் அப்பா ஃபெர்னாண்டோ என்று பொருளில்லை. பெயர் உறைந்த காலத்தில், பல நூறு வருடம் முன்னால், அந்த வழியில் யாரோ ஒருவரின் அப்பா ஃபெர்னாண்டோ.

எல்லா ஃபெர்னாண்டெஸும் சொந்தமா?

இனி இதை நீங்களே சொல்லிவிடலாம். ஃபெர்னாண்டோ என்ற பெயர் ஊருக்கு ஊர் இருந்தது. உறைதலும் ஊருக்கு ஊர் தனித்தனியாக நடந்தது. அஸ்தூரியாஸ் மலைக் கிராமத்து ஃபெர்னாண்டெஸும் ஆண்டலூசியா ஃபெர்னாண்டெஸும் வேறு வேறு ஃபெர்னாண்டோக்களிடமிருந்து கிளம்பியவர்கள். அப்பாவும் அம்மாவும் ஃபெர்னாண்டெஸாகவே இருந்து, பிள்ளை 'ஃபெர்னாண்டெஸ் ஃபெர்னாண்டெஸ்' ஆவதும் உண்டு. சொந்தத்தில் கல்யாணம் என்று உடனே முடிவுகட்டிவிடக் கூடாது.

கடல் தாண்டிய பிறகு ரத்தத் தொடர்பும் அறுந்தது. அமெரிக்கக் கண்டத்தில் பூர்வகுடிகளுக்கும் அடிமைகளுக்கும் திருமுழுக்கின்போது ஸ்பானிஷ் பெயர் வைத்தார்கள். ஞானத்தந்தை பெயரோ, எஜமான் பெயரோ கிடைத்தது. மெக்சிகோவில் இன்று அதிகம் பேருக்கு இருக்கிற குடும்பப் பெயர் ஹெர்னாண்டெஸ். அவர்களில் பெரும்பங்கினருக்குப் பூர்வகுடி முன்னோர் உண்டு. பிலிப்பைன்ஸில் கதை இன்னும் வேடிக்கை. வரி வசூலிக்கப் பெயர்கள் குழப்பமாக இருக்கின்றன என்று 1849ல் ஆளுநர் நர்சிசோ கிளவேரியா ஒரு பெயர்ப் பட்டியலை அச்சடித்து ஊர் ஊராக அனுப்பினார். குடும்பங்கள் அதிலிருந்து பெயர் எடுத்துக்கொள்ள வேண்டும். சில ஊர்களுக்கு ஒரே எழுத்துப் பக்கம் போனதால், அங்கே பெரும்பாலோர் குடும்பப் பெயர் அந்த ஒரே எழுத்தில் தொடங்குகிறது.

இரண்டு புரளிகளையும் இங்கேயே தீர்த்துவிடலாம். ஒன்று, 'எஸ்' என்று முடிந்தால் யூத வம்சம் என்பது. மதம் மாறிய யூதர்கள் ஊரில் புழங்கிய பெயர்களையே எடுத்துக்கொண்டார்கள். அதே பெயர் பக்கத்து வீட்டுக் கிறிஸ்தவக் குடும்பத்துக்கும் இருந்தது. பெயரை வைத்து இதைப் பிரிக்க முடியாது. யூத வழிவந்தோருக்குக் குடியுரிமை தரும் சட்டத்தை 2015ல் ஸ்பெயின் கொண்டுவந்தபோது, தகுதியுள்ள குடும்பப் பெயர்கள் என்று நீளமான பட்டியல்கள் இணையத்தில் சுற்றின. அப்படி எந்தப் பட்டியலும் அந்தச் சட்டத்தில் கிடையாது. மற்றது அந்தக் குடும்பச் சின்னம் போட்ட குவளை. சின்னம் ஒரு குறிப்பிட்ட வம்சத்துக்கு உரியது. 9 லட்சம் பேருக்குப் பொதுவாக ஒன்று இருக்க முடியாது.

ஒரு ஆளுக்கு ஏன் இரண்டு குடும்பப் பெயர்?

ஸ்பெயினில் எல்லோருக்கும் இரண்டு: வழக்கமாக முதலில் அப்பாவின் முதல் குடும்பப் பெயர், பின்னால் அம்மாவின் முதல் குடும்பப் பெயர். கல்யாணமானாலும் பெண்கள் பெயர் மாற்றுவதில்லை. 2017 முதல் எது முதலில் என்பதைப் பெற்றோரே பேசி முடிவு செய்கிறார்கள். அண்ணன் தம்பிகளுக்கு வரிசை ஒன்றாகவே இருக்க வேண்டும். வெளிநாட்டுக்காரர்கள் கடைசிச் சொல்லைப் பிடித்துக்கொண்டு அம்மா பெயரால் கூப்பிடுவது சகஜம்.

பெயர் மிகப் பொதுவாக இருந்தால் ஸ்பானிஷ்காரர்களே அதைச் செய்கிறார்கள். பிகாசோவின் பெயர் பாப்லோ ருயிஸ் பிகாசோ; ருயிஸ் அப்பாவழி, பிகாசோ அம்மாவழி. 2004 முதல் 2011 வரை பிரதமராக இருந்த ஹோசே லூயிஸ் ரொட்ரிகெஸ் சபாத்தேரோவை ஊரே சபாத்தேரோ என்றது. ரொட்ரிகெஸ் என்று கூப்பிட்டால் எந்த ரொட்ரிகெஸ் என்று கேட்பார்கள் அல்லவா?

நம்ம கடற்கரைப் பர்னாந்து

தாமிரபரணித் தண்ணீரைத் தூத்துக்குடிக்குக் கொண்டுவந்த நகராட்சித் தலைவர் குரூஸ் பர்னாந்துவின் பெயரைத் தென்மாவட்டத்தில் தெரியாதவர் குறைவு. இந்தப் பர்னாந்து ஸ்பெயினிலிருந்து வந்ததில்லை. 1530களில் முத்துக்குளித்துறைப் பரதவர்கள் கிறிஸ்தவர்களானபோது அந்தப் பெயரைக் கொண்டுவந்தவர்கள் போர்ச்சுக்கீசியர்கள். இலங்கையில் சிங்களவரிடமும் தமிழரிடமும் பரவலாக இருக்கும் பெர்னாண்டோவும் அதே வழிதான். இதில் வால் இல்லை, ஆள்பெயரே குடும்பப் பெயராகிவிட்டது. வால் சேர்ந்த போர்ச்சுக்கீசிய வடிவம் முன்னாள் மத்திய அமைச்சர் ஜார்ஜ் ஃபெர்னாண்டஸ் பெயரில் இருப்பது.

எழுத்தில் ஒரு குறிப்பு உண்டு. ஆங்கில எழுத்தில் இசட் என்று முடிந்தால் ஸ்பானிஷ், எஸ் என்று முடிந்தால் போர்ச்சுக்கீசியம். ஸ்பெயினுக்கும் போர்ச்சுகலுக்கும் இந்த வால் விஷயத்தில் இது பெரும்பாலும் பொருந்தும். நம்ம பக்கம் பள்ளிச் சான்றிதழில் யார் எப்படி எழுதினார்களோ அப்படி. ஒரே வீட்டில் இரண்டும் இருக்கும். அதனால் கடைசி எழுத்தைப் பார்த்து எந்த நாட்டு வழி என்று முடிவு செய்யாமல், சொந்த ஊர் எது என்று கேட்டுவிடுவதுதான் சுலபம்.